பெரியம்மாவின் மூன்று பெயர்கள்

என் பெரியம்மா அன்னத்தைப் பற்றிக் குடும்பத்தில் உலவும் கதைகள் பல. மதம் மாறினாள், அருவியில் விழுந்தாள் என்று சொன்னவர்களில் ஒருவரும் எதையும் கண்டவரல்லர். ஆதலால் நானே கண்டதையும், கண்டவர் வாயிலிருந்து கேட்டதையும் மட்டுமே இங்கு எழுதுகிறேன்.

ஆனிச் சனிக்கிழமை, காலை ஏழரை மணி. தென்காசியில் இறங்கியபோது சாரல் விழுந்துகொண்டிருந்தது. பையில் பெரியம்மாவின் பழைய நிழற்படம்; இடப்புருவத்தைக் குறுக்கே பிளந்த தழும்பு அதில் தெளிவாகத் தெரியும். உடன், மாமா அனுப்பிய பத்திரம். இருபத்திரண்டு ஆண்டுகளுக்கு முன் வீட்டை விட்டுச் சென்ற அன்னம் வாரிசின்றி இறந்துவிட்டாள், அவளது பங்கு நிலம் தம்பியான மாமாவையே சேரும் என்பது அதன் வாசகம். மறைந்த என் தாயாரின் இடத்தில் திங்கட்கிழமை நான் ஒப்பமிட வேண்டும். பெரியம்மாவைப் பாவூர்சத்திரத்தில் கண்டதாக ஊரார் ஒருவர் சொன்னதை நம்பிப் புறப்பட்டிருந்தேன்.

ஒன்பது மணி. பாவூர்சத்திரம் தென்காசியிலிருந்து பதினொரு கிலோமீட்டர். நகரப் பேருந்தில் பெண்களுக்குக் கட்டணமில்லை. சந்தையில் வெங்காயம் தரம் பிரித்துக்கொண்டிருந்த பெண் படத்தைப் பார்த்தாள்.

"இது ஸ்டெல்லால்லா. ரெண்டு வருசம் எம்பக்கத்துல இருந்து பொறுக்குனவ. இங்கன இருந்து கடையநல்லூர் தறிக்குப் போனா."

நண்பகல், கடையநல்லூர். தறிக்கூடத்தில் நூல் சுற்றும் பெண் மறுத்தாள். "ஸ்டெல்லாவா? ஆரு சொன்னது? இவ மைமூன். போன சீசன்ல குத்தாலத்துல பழம் வித்தா, நானே பாத்தேன்."

அப்போது மாமா அழைத்தார். கேட்ட இரு பெயர்களையும் சொன்னேன். "பேருக்கொரு மதம் வச்சிருக்கவளத் தேடி எதுக்கு அலையுத? கையெழுத்தப் போட்டுட்டு வேலையப் பாரு."

"அவ செத்ததப் பாத்த ஒருத்தரக் காட்டுங்க மாமா. போடுதேன்."

மாலை நான்கு மணி. தென்காசியிலிருந்து குற்றாலத்துக்கு ஆட்டோவில் நூற்றைம்பது ரூபாய். ஐந்தருவிச் சாலையில் ரம்புட்டான் விற்றவளிடம் படத்தை நீட்டினேன்.

"போன சீசன்ல இவளப் பேச்சியம்மாம்பாங்க," என்று சிரித்தாள். "பேச்சியம்மா நாந்தான்."

சென்ற ஆண்டு இவள் கால் முறிந்து கிடந்தபோது கடையைப் பார்த்துக்கொண்டது பெரியம்மாவாம். "கடையில யாரு இருந்தாலும் கடைக்காரி பேருதான் யக்கா. பேர மாத்துனா மறு வருசம் இடம் கைவிட்டுப் போயிரும். நான் எந்திரிச்சு வந்த அன்னைக்கே தராசக் குடுத்துட்டுப் போயிட்டா."

காலையில் எண் வாங்கியிருந்தேன்; வெங்காயம் பிரித்தவளைத் தொலைபேசியில் அழைத்தேன். "அசல் ஸ்டெல்லா எனக்கு எதுக்கதான் இருக்கா. அம்மாக்காரிக்குச் சொகமில்லைன்னு போயிருந்தா. நீங்க படத்துல உள்ளவளத்தான கேட்டீங்க?" தறிக்கூடத்துக்கும் அழைத்தேன்; அசல் மைமூனும் பிள்ளைப்பேறு முடிந்து, தன் பெயரில் காத்திருந்த வேலைக்குத் திரும்பியவளே என்றாள் நூல் சுற்றும் பெண்.

பேச்சியம்மாவுக்குப் பத்திரத்தைப் படித்துக் காட்டினேன்.

"செத்தவளா முந்தாநாத்து வந்து, பழம் அழுகிருக்குன்னு எங்கிட்ட சண்ட போட்டா? செங்கோட்ட பஸ்ல ஏத்திவிட்டதே நாந்தான்."

பத்திரத்தின் குறுக்கே எழுதினேன்: 'அன்னம் உயிருடன் இருக்கிறார். ஒப்பமிட மறுக்கிறேன்.' பேச்சியம்மா சாட்சிக் கையெழுத்திட்டாள். அதைப் படமெடுத்து மாமாவுக்கு அனுப்பினேன். அவர் மூன்று முறை அழைத்தார், நான் எடுக்கவில்லை.

பெரியம்மா வீட்டை விட்டு ஏன் போனாள் என்பது தெரியவில்லை. நிலத்தில் தன் பங்கை வேண்டுவாளா என்பதும் தெரியவில்லை. செங்கோட்டையிலோ அதற்கு அப்பாலோ, இன்று எந்தப் பெண்ணின் பெயரில் வேலை செய்கிறாள் என்பதும் தெரியவில்லை.