மதிலில் உட்கார்ந்தவர்களை யார் எண்ணுவது

எங்கள் திருவொற்றியூர்க் கிளை நூலகத்துக்கு ஆள் வருவதில்லை, டோல்கேட்டில் உள்ள நூலகத்தோடு அதைச் சேர்த்துவிடலாம் என்று பேச்சு அடிபட்டது. ஓர் அதிகாரி வந்து வாசகர்களை எண்ணிப் பார்ப்பாராம். கேட்டதிலிருந்து எனக்கு இருப்புக் கொள்ளவில்லை. கன்டெய்னர் லாரிகளுக்கு நடுவே டோல்கேட் வரை போய்ப் பேப்பர் படிக்க இந்த வயதில் என்னால் ஆகாது.

நான் தினமும் எண்ணுகிறவன். மின்விசிறி மூன்று, சுற்றுவது ஒன்று. உள்ளே ஆறு பேர். வெளியே மதில்மேல் பதினான்கு பேர். மதிலில் இருப்பவர்கள் எல்லோரும் குப்பத்து மீனவர்கள். கரைக்கு வந்த கையோடு நேரே வந்து, பேப்பரைத் தாள் தாளாகப் பிரித்துக்கொண்டு வெளியே போய்விடுவார்கள். துறைமுக விரிவாக்கத்துக்குக் கருத்துக்கேட்புக் கூட்டம் என்று ஒரு மூலையில் வந்த விளம்பரத்தை முதலில் பார்த்தது அவர்கள்தான். கூட்டத்தில் யார் பேசுவது, என்ன கேட்பது என்பதெல்லாம் அந்த மதிலில்தான் முடிவானது. ஆனால் உள்ளே மட்டும் உட்கார மாட்டார்கள்.

"நாளைக்கு ஒருநாள் உள்ளே உட்காருங்களேன்" என்று அதிகாரி வருவதற்கு முதல்நாள் கெஞ்சினேன்.

"கவிச்சி அடிக்கும் நைனா" என்றார் அவர்களில் மூத்தவர். "பரீட்சைக்குப் படிக்கிற பொண்ணுங்களுக்குப் பேஜாராயிடும்."

மறுநாள் அதிகாரியின் ஜீப் வந்து நின்றது. மதிலில் இருந்தவர்கள் மரியாதையாகத் தாள்களை மடித்து என் கையில் கொடுத்துவிட்டுத் தெருமுனைக்கு நகர்ந்துவிட்டார்கள். பின்னாலேயே ஓடினேன்.

"ஆபீஸரு வந்துகீறாரு. கலீஜா குந்திகினு இருந்தா நல்லாவா கீது?" என்றார் மூத்தவர்.

"அவர் எண்ண வந்ததே உங்களைத்தான். நீங்க இல்லேன்னா இங்கே நூலகமே இருக்காது."

அவர் தயங்கினார். அதற்குள், குரூப் ஃபோர் தேர்வுக்குப் படிக்கும் பெண் ஒருத்தி வாசலுக்கே வந்துவிட்டாள்.

"உள்ள வா மாமா. நாங்க இன்னா மூக்காலயா படிக்கிறோம்?"

சிரித்துவிட்டார்கள். ஒவ்வொருவராக உள்ளே வந்தார்கள். நாற்காலி ஈரமாகிவிடும் என்று அத்தனை பேரும் தரையில் உட்கார்ந்தார்கள். அதிகாரியோ நாற்காலி நாற்காலியாகப் பார்த்துக் குறித்துக்கொண்டு வந்தார். எனக்குப் பொறுக்கவில்லை, பக்கத்தில் போனேன்.

"கீழே இருக்கிறவங்களையும் எண்ணினீங்களா சார்?"

"எண்ணிட்டேன் ஐயா. நீங்க மொதல்ல உட்காருங்க."

எத்தனை என்று அவர் குறித்த தாளை எட்டிப் பார்த்தேன். கையால் மறைத்துக்கொண்டார்.