நெஞ்சைப் பற்றிக் கேட்கும் பல் டாக்டர்

பல் டாக்டர் நாற்காலியில் உட்கார்ந்தவரிடம் இருதயத்தைப் பற்றிக் கேட்டால் யாருக்கும் பிடிப்பதில்லை. நீங்களும் எங்காவது முறைத்திருப்பீர்கள்.

ஆடுகிற பல்

மாகறல் கிராமத்து விவசாயி ஒருவர் ஆடும் கடைவாய்ப் பல்லோடு வந்தார். "நெஞ்சில் ஆபரேஷன் ஏதாவது ஆகியிருக்கிறதா?" என்று கேட்டேன். ஈறில் ரத்தம் வரும்போது வாயிலிருக்கும் கிருமி உள்ளே போகும்; பழுதான வால்வோ செயற்கை வால்வோ இருந்தால் அங்கே ஒட்டிக்கொண்டு இருதயத்தின் உள்ளுறையைப் புண்ணாக்கும்; அப்படிப்பட்டவர்களுக்கு ஒரு மணி நேரம் முன்பே ஆன்டிபயாடிக் தர வேண்டும் என்று விளக்கினேன். பொறுமையாகக் கேட்டுவிட்டுச் சொன்னார்: "ஆடுறது பல்லுபா. நெஞ்சு நல்லாத்தான் இருக்குது."

கல்யாணச் சுத்தம்

சுமதிக்குக் கல்யாணம் நிச்சயமாகியிருந்தது. பல்லைச் சுத்தம் செய்ய அம்மா கூட்டிவந்தார். என் கேள்விகளுக்கெல்லாம் அவரே பதில் சொன்னார். நெஞ்சு ஆபரேஷனா? இல்லை. நானும் 'இல்லை' என்று எழுதிக்கொண்டு வேலையைத் தொடங்கினேன். ஈறில் வழக்கம்போல் கொஞ்சம் ரத்தம் வந்தது. கிளம்பும்போது அம்மா சொன்னார்: "மாப்பிள்ள வூட்ல பல்லத்தான் கொற சொன்னாங்க. இனிமே ஒரு கொறையும் இல்ல."

நகத்தில் சாயம்

மூன்று வாரம் கழித்துச் சுமதி தனியாக வந்தாள். தினமும் சாயங்காலம் ஜுரம், குளிர். மாடி ஏறினால் மூச்சு வாங்குகிறது. மருந்துக்கடை மாத்திரை போட்டால் ஜுரம் விடுகிறது, நிறுத்தினால் திரும்புகிறது. ஈறு சீழ் பிடித்துவிட்டதோ என்று கேட்க வந்திருந்தாள்.

ஈறு நன்றாகவே இருந்தது. விரல் நகங்களுக்கு அடியில்தான் மெல்லிய சிவப்புக் கோடுகள். வீட்டில் பட்டு நூலுக்குச் சாயம் தோய்க்கிறார்கள். அதுதான் ஒட்டியிருக்கிறது என்று எல்லோரும் நினைத்திருக்கிறார்கள். சோப்புப் போட்டுத் தேய்க்கச் சொன்னேன். கோடு போகவில்லை. சாயமில்லை, ரத்தக் கசிவு; இருதய வால்வில் கிருமி பிடித்தால் நகத்தடியில் இப்படிக் கோடு விழும். அதே பழைய கேள்வியை இந்த முறை அவளிடமே கேட்டேன். "பத்து வயசுல வால்வு ஆபரேஷன் ஆச்சு டாக்டர். கல்யாணம் நின்னுடும், சொல்ல வாணாம்னாங்க அம்மா."

ஆறு வாரம்

அன்றே சென்னைக்கு அனுப்பினேன். வால்வில் கிருமி பிடித்திருப்பது ரத்தப் பரிசோதனையிலும் எக்கோ ஸ்கேனிலும் உறுதியானது. ஆறு வாரம் ஊசி. கேட்டேன், எழுதினேன் என்று நான் கைகழுவியிருக்கலாம். ஆனால் நான் கேட்டது அம்மாவை. அந்த ஆறு வாரமும் எனக்குச் சோறு சரியாக இறங்கவில்லை. பிழைத்துக்கொண்டாள். முகூர்த்தம் தள்ளிப்போனது என்று மட்டும் கேள்விப்பட்டேன்.

சில மாதம் கழித்து ஓர் இளைஞர் சொத்தைப் பல்லோடு வந்தார். வழக்கம்போல் நெஞ்சைப் பற்றிக் கேட்டேன். சிரித்துவிட்டார். "எனக்கு ஒண்ணும் இல்ல டாக்டர். சுமதி வூட்டுக்காரன் நான். அவள அடுத்த வாரம் இட்டுக்கினு வரேன், முன்னாடியே போடுற மாத்திரைய இப்பவே எழுதிக் குடுத்துடுங்க."

இப்போதெல்லாம் என் கிளினிக்கில், துணைக்கு வருகிற அம்மாக்களுக்கு நாற்காலி வெளியேதான்.