கையெழுத்துப் போடாத அம்மா

எனக்கு ஐம்பத்து மூன்று வயது நடந்தபோது ஒரு டி.வி. சீரியல்காரர்கள் விருத்தாசலத்துக்குப் படம்பிடிக்க வந்தார்கள். நான் வேலை பார்த்த பீங்கான் கம்பெனியில்தான் இரண்டு நாள் ஷூட்டிங். பொம்மைகளுக்கு வண்ணம் பூசும் பிரிவில் நான் சூப்பர்வைசர்.

அம்மா வேடத்துக்கு வரவேண்டிய நடிகைக்குக் காய்ச்சல் என்று போன் வந்தது. பெண்களை வேலை வாங்கிக்கொண்டிருந்த என்னையே டைரக்டர் கொஞ்ச நேரம் பார்த்தார். முப்பது வயதுதான் இருக்கும் அவருக்கு. ஒரே ஒரு காட்சி, நீங்களே செய்துவிடுங்கள் என்றார். சரி என்றேன். இருபது பெண்களைக் கட்டி மேய்க்கிறவளுக்கு ஒரு காமிரா எம்மாத்திரம்?

காட்சி இதுதான்: அம்மா வேலை செய்யும் இடத்துக்கே மகன் வந்து, வீட்டை விற்கக் கையெழுத்துக் கேட்கிறான். அம்மா முந்தானையால் வாயைப் பொத்தி அழுதபடி போட்டுக் கொடுக்கிறாள். மூன்று தடவை எடுத்தார்கள். கிளிசரின் விட்டதில் கண்ணீர் வந்தது. முகத்தில் அழுகை வரவில்லை. கோபம்தான் வந்தது.

"பாடுபட்டு கட்டுன வூட்ட கேக்குறான், நான் ஏங்க சார் அழுவணும்? போட மாட்டேன், போடான்னு சொல்லுவேன்."

"கதை மாறிடுமேம்மா."

"மாறட்டுங்களே."

அவர் சூளைப் பக்கம் போய்ச் சென்னைக்கு நெடுநேரம் போனில் பேசினார். திரும்பி வந்து, உங்கள் இஷ்டப்படியே ஒன்று எடுத்துவைப்போம் என்றார். நான் சொல்ல வேண்டியதைச் சொல்லி, காகிதத்தை மடித்து மகனாக நடித்தவரின் சட்டைப்பையில் செருகிவிட்டு, பிரஷ்ஷை எடுத்து வேலையைத் தொடர்ந்தேன். ஒரே டேக்.

ஒளிபரப்பானதும் அதுதான். ஆனால் முகம் என்னுடையது, குரல் யாரோ ஒருத்தியுடையது. நன்றாகத்தானே இருக்கிறது என்றார் என் கணவர். எனக்கு அன்று சோறு இறங்கவில்லை.

அந்த அம்மாவைப் பற்றி நிறையப் பேர் விசாரித்தார்களாம். அடுத்த மாதம் டைரக்டரே கூப்பிட்டு, பாத்திரத்தை வளர்க்கப் போகிறோம், சென்னைக்கு வர முடியுமா என்றார். என் குரலிலேயே பேசுவதென்றால் வருகிறேன் என்றேன். ஒத்துக்கொண்டார்.

டப்பிங் அறையில், 'வூடு' வேண்டாம், 'வீடு' என்று சொல்லுங்கள் என்றார்கள். அந்த அம்மா எங்கள் ஊர்க்காரி, அப்படித்தான் பேசுவாள் என்றேன். கண்ணாடிக்கு அந்தப் பக்கம் இருந்தவர் ஒருமுறை ஓட்டிக் கேட்டுவிட்டு, இருக்கட்டும் என்று கையைக் காட்டினார்.

ஒன்றரை வருஷம் அப்படி ஓடியது. மாதத்தில் நான்கு நாள் சென்னை, மற்ற நாளெல்லாம் கம்பெனி. ரயிலில் என் வயதுப் பெண்கள் அடையாளம் கண்டு நகர்ந்து உட்கார்ந்து இடம் கொடுப்பார்கள். பிறகு, அடுத்த வாரம் அவள் என்ன செய்யப் போகிறாள் என்று கேட்பார்கள்.