லோகப்பிரியாவின் எடை

லோகப்பிரியா சிமெண்ட் குழைத்துக்கொண்டிருந்தாள். பழைய தட்டம் ஒன்றில் இரண்டு கரண்டி சிமெண்ட், ஐந்து கரண்டி மணல், பார்த்துப் பார்த்து ஊற்றிய தண்ணீர். கையாலேயே பிசைந்து, கட்டிலின் கால் தரையை உடைத்துக்கொண்டு இறங்கிய இடத்தில் வழித்துப் பூசினாள். அந்த அறையில் அது ஏழாவது குழி.

"இந்தத் தடவ டைல்ஸ் ஒட்ட வேண்டாமுங் சிஸ்டர். வெறும் சிமெண்டுன்னா ஒடையறப்போ சத்தமாவது வராது" என்றாள்.

வயது பதினாறு. ஒல்லியான உடம்பு, எண்ணெய் வைத்துப் பின்னிய இரட்டைச் சடை. பள்ளிச் சீருடையில் வரிசையில் நின்றால் தனியாகத் தெரிய மாட்டாள். எடை நானூற்றுப் பதினெட்டு கிலோ. லாரிகள் தேங்காய் லோடு நிறுக்கும் எடைமேடையில் மாதம் ஒரு முறை அவளை நிறுத்திப் பார்ப்போம். வீட்டுத் தராசில் நிறுத்தி, அது நசுங்கி இரண்டு வருடமாகிறது.

நான் அந்த வீட்டுக்கு நர்ஸ் வேலைக்குப் போனது அவளுடைய குதிகால் புண்ணுக்காக. பல மாதம் படுக்கையில் கிடப்பவர்களுக்கு வருகிற புண் அது. ஓடியாடுகிற பிள்ளைக்கு ஏன் வந்தது என்றால், அவள் எடையே அவளை அழுத்துகிறது. குதிகால், இடுப்பெலும்பு, முழங்கை, இந்த மூன்று இடத்திலும் தோல் எப்போதும் சிவந்திருக்கும். காலையில் உப்புத்தண்ணீரில் கழுவி, மருந்து வைத்துக் கட்டி, நீர்மெத்தையில் தண்ணீர் சரியாக இருக்கிறதா என்று பார்ப்பது என் வேலை. அந்த மெத்தையை மூன்று முறை மாற்றியாகிவிட்டது.

அவர்கள் ஊர் உடுமலைப்பேட்டையிலிருந்து தாராபுரம் போகும் சாலையில், வாய்க்காலை ஒட்டி இருக்கிறது. அப்பா கிருபாசங்கருக்கு எட்டு ஏக்கர் தென்னந்தோப்பு. அம்மா பொற்கொடி. ஒரே பெண். பதிமூன்று வயது வரை அவளைப் பற்றிச் சொல்ல எதுவும் இல்லை. கணக்கு வராது, கோகோ நன்றாக ஆடுவாள், அவ்வளவுதான். அந்த வருடம் ஆடி மாதம் தோப்பில் டிராக்டர் டிரெய்லர் சரிந்து கிருபாசங்கரின் இடுப்புக்கு மேல் விழுந்தது. பக்கத்தில் யாரும் இல்லை. சாப்பாடு கொண்டுபோயிருந்த இவள் தூக்குப்போசியைக் கீழே வைத்துவிட்டு டிரெய்லரைத் தூக்கிவிட்டாள்.

எப்படித் தூக்கினாள் என்று யாருக்கும் தெரியாது, அவளுக்கும் தெரியாது. மறுவாரம் பள்ளியில் மருத்துவ முகாம் போட்டார்கள். நாற்பத்தொரு கிலோ இருந்தவள் எழுபத்தாறு காட்டினாள். தராசு பழுது என்று எழுதி அனுப்பிவிட்டார்கள்.

அதற்குப் பிறகு கிணற்றில் விழுந்த எருமை. சுவர் இடிந்து அடியில் மாட்டிக்கொண்ட மூன்று பேர். காற்றில் சாய்ந்து வீட்டின்மேல் படுத்த புளியமரம். எதைத் தூக்கினாலும் அதன் எடையில் ஒரு பங்கு அவள் உடம்பிலேயே தங்கிவிடும். பட்டினி போட்டும் ஓட வைத்தும் பார்த்தார்கள். ஏறியது இறங்கவில்லை.

ஊர் அவளைக் கையெடுத்துக் கும்பிட்டது. கும்பிட்டதில்தான் சங்கடம். அவள் எதையாவது தூக்கப் போனால் எல்லோரும் பத்தடி தள்ளி வட்டமாக நிற்பார்கள். செருப்பைக் கழற்றிவிடுவார்கள். ஒருவர் சூடம் ஏற்றுவார். தூக்குகிற பொருளை வேறு யாரும் தொடக் கூடாது, தொட்டால் பிள்ளையிடம் இருக்கிற சக்தி போய்விடும் என்று யாரோ சொல்ல, எல்லோரும் அதைப் பிடித்துக்கொண்டார்கள். பக்கத்துத் தோட்டத்துக்காரர் நஞ்சுண்டன், ஊரில் சொன்னால் நாலு பேர் கேட்கிற மனிதர், வட்டத்தை ஒழுங்குபடுத்துவது தன் பொறுப்பு என்று எடுத்துக்கொண்டார்.

இவளால் பேருந்தில் ஏற முடியாது, ஒரு முறை ஏறிப் படி கழன்றுவிட்டது. பள்ளிக்கு டிராக்டர் டிரெய்லரில் போவாள். வகுப்பில் பெஞ்சுக்குப் பதில் கருங்கல் போட்டிருந்தார்கள். மாடிக்கு ஏறக் கூடாது என்பதால் ஆய்வுக்கூடம் பார்த்ததில்லை. கோகோ ஆடுவதைச் சுவரோரம் நின்று பார்ப்பாள்.

போன மாதம் கோயமுத்தூரில் எலும்பு டாக்டரிடம் கூட்டிப்போனோம். இரண்டு முட்டியிலும் விரிசல். டாக்டர் படத்தை வெளிச்சத்தில் பிடித்து ரொம்ப நேரம் பார்த்தார்.

"இது எப்படி இவ்வளவு தூரம் தாங்குச்சுன்னே எனக்குத் தெரியலைம்மா. இன்னும் ஒரு அம்பது கிலோ ஏறுனா தாங்காது. அப்புறம் கட்டில்ல இருந்து எந்திரிக்கவே முடியாது" என்றார்.

ஐம்பது கிலோ என்றால் பெரியதாக ஒன்று, அல்லது சின்னதாக நாலைந்து. திரும்பி வரும்போது டெம்போவின் பின்பக்கம் அவளும் நானும்தான். பல்லடம் தாண்டியதும் கேட்டாள்.

"படுத்த படுக்கையா ஆயிட்டா இந்தப் புண்ணு எங்கெல்லாமுங் வரும்?"

முதுகு, இடுப்பு, பின்தலை என்று சொன்னேன். பொய் சொல்லி ஆகப்போவது ஒன்றுமில்லை.

"அப்ப நீங்க வேலய உட்டுப் போக மாட்டீங்க" என்று சிரித்தாள்.

முடியாது என்று சொல்லப் பழகு என்று பொற்கொடியிடமும் சொன்னேன், பிள்ளையிடமும் சொன்னேன். பொற்கொடிக்கு அது வராது. "ஊட்டு வாசல்ல வந்து ஒருத்தரு அழுதுட்டு நிக்கறப்போ எப்படிங் சிஸ்டர் முடியாதுன்னு சொல்றது? நாளைக்கு ஒரு நல்லது கெட்டதுக்கு அவிய மூஞ்சிலதானுங்களே முழிக்கோணும்?" என்பாள். சொல்லிவிட்டு அடுப்பங்கரையில் போய் உட்கார்ந்துகொள்வாள்.

சிமெண்ட் பூசிய அன்று பிற்பகல் மூன்று மணி இருக்கும். நஞ்சுண்டன் வண்டியை வாசலில் சாய்த்துப்போட்டு ஓடி வந்தார்.

"அம்மணி, வாய்க்கா மொடக்குல தேங்கா லோடு வண்டி கவுந்துபோச்சு. டிரைவரு காலு அடியில மாட்டிக்கிச்சு. கிரேனு தாராபுரத்துல இருந்து வரோணும், ரெண்டு மணி நேரமாகுமாமா."

"அவளால முடியாதுங்க. முட்டி போயிரும். டாக்டரு சொன்னது உங்களுக்கும் தெரியும்" என்றேன்.

"தெரியுமுங் சிஸ்டர். ஆனா அந்தப் பையன் கத்தறத நீங்க கேக்கோணுமே."

லோகப்பிரியா கையில் ஒட்டியிருந்த சிமெண்டைக் கழுவினாள். அம்மாவைப் பார்த்தாள். பொற்கொடி முந்தானையை வாயில் வைத்துக்கொண்டு சுவரைப் பார்த்து நின்றாள்.

"வாரனுங் மாமா. டிராக்டர எடுங்க" என்றாள். நான் பஞ்சும் கட்டுத்துணியும் எடுத்துக்கொண்டு பின்னால் ஏறினேன்.

வாய்க்கால் திருப்பத்தில் நாற்பது பேருக்கு மேல் கூடியிருந்தார்கள். வண்டி பக்கவாட்டில் கிடந்தது, பாதித் தேங்காய் தண்ணீரில் மிதந்துபோய்க்கொண்டிருந்தது. டிரைவர் தல்ஹா, இருபத்திரண்டு வயது இருக்கும், இடது கால் முட்டிக்குக் கீழே வண்டிக்கு அடியில். இப்போது அவன் கத்தவில்லை. கத்தாதது நல்லதில்லை. நாடி பார்த்தேன், வேகமாக ஓடியது. அவன் பக்கத்தில் ஜாக்கி ஒன்றை வைத்து முட்டி மோதிக்கொண்டிருந்தவர் லோடுக்காரர் ஜபருல்லா, கோயமுத்தூர் உக்கடத்திலிருந்து காரில் பின்னால் வந்தவர். சேற்றில் ஜாக்கி இறங்கிக்கொண்டே இருந்தது.

நஞ்சுண்டன் வேலையை ஆரம்பித்தார். "தள்ளுங்க, தள்ளுங்க. செருப்பக் கழட்டுங்க. பாய், நீங்களும் வெளிய வாங்க."

ஜபருல்லா நிமிர்ந்து பார்த்தார். "கிரேன் எங்கே?"

"கிரேனு வேண்டாமுங்க. அம்மணி தூக்கும்."

"இந்தப் புள்ளயா? இதுக்கு என்ன வயசு?"

"அதெல்லாம் தூக்கும். நீங்க தொடாம வந்துருங்க, தொட்டா சக்தி போயிரும்."

"ஏனுங்க, வண்டி என்னுது, டிரைவரு என் தங்கச்சி மகன். ஒரு பொண்ணு தூக்கறத நான் கைகட்டி வேடிக்க பாக்கணுமா? நல்லாருக்குதுங்க உங்க நியாயம்."

அவர் சட்டைக் கையை மடித்துவிட்டு வண்டியின் விளிம்பில் தோளைக் கொடுத்தார். கூட்டத்தில் சலசலப்பு. சூடத்தை வைத்துக்கொண்டிருந்தவர் அதைப் பற்ற வைக்காமல் நின்றார். லோகப்பிரியா அவரைத் தடுக்கவில்லை. குனிந்து கை கொடுத்தாள்.

வண்டி ஒரு சாண் எழும்பியது. நான் தல்ஹாவின் அக்குளைப் பிடித்து இழுத்தேன். பாதி வந்து கால் ஒரு கம்பியில் மாட்டியது. இறக்கி, மறுபடி தூக்க வேண்டும். மெதுவாக இறக்கினாள்.

இறக்கிவிட்டு அவள் தன் காலைப் பார்த்தாள். எப்போது தூக்கினாலும் அவள் கால் தரையில் புதையும். இந்த மாதிரிச் சேறு என்றால் கெண்டைக்கால் வரை போயிருக்க வேண்டும். சேறு கணுக்காலைக்கூடத் தொடவில்லை.

"சிஸ்டர், காலு பொதையல பாருங்க."

பார்த்தேன். இன்னொரு தோள் சேர்ந்ததில் பாரம் பங்காகியிருந்தது. எனக்குக் கோபம்தான் வந்தது, என்மேலேயே. நோயாளியைத் தனியாளாகத் தூக்காதே, இன்னொரு கை வரும்வரை நில் என்பதுதான் எங்களுக்குப் பயிற்சியில் முதல் நாள் சொன்னது. அந்த வட்டத்தில் ஒன்றரை வருடம் நானும் செருப்பைக் கழற்றிவிட்டு நின்றிருக்கிறேன்.

லோகப்பிரியா கூட்டத்தைப் பார்த்துத் திரும்பினாள். கேட்பதற்கு அவளுக்கு வாய் வரவில்லை. பெரியவர்களைப் பார்த்து இதைச் செய்யுங்கள் என்று சொல்லிப் பழக்கமில்லை.

"நஞ்சுண்டன் மாமா, நீங்களும் வந்து புடிங்க."

"நானா? அம்மணி, அது வந்து, சாமி காரியம்..."

"எனக்கு முட்டி நோவுதுங் மாமா."

அவர் பின்னால் திரும்பிப் பார்த்தார், பின்னால் நின்றவர்கள் அவர்களுக்குப் பின்னால் பார்த்தார்கள். அப்போது வெங்கடம்மாள் வட்டத்தைப் பிளந்துகொண்டு வந்தாள். தேங்காய் லோடு ஏற்றுகிற பெண், ஐம்பது வயது, சேலையை முழங்காலுக்கு மேலே சொருகியிருந்தாள்.

"நவுருங்க. ஒரு புள்ள வாயத் தொறந்து முட்டி நோவுதுங்குது, இவரு சாமியக் கேட்டுட்டு நிக்கறாரு. ஏனுங்க, வேட்டியக் கட்டிட்டு வந்தீங்களா, இல்ல ஊட்டுலயே உட்டுட்டு வந்தீங்களா?"

யாரோ சிரித்துவிட்டார்கள். நஞ்சுண்டன் முகம் சிவந்து, வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு இறங்கினார். அவர் இறங்கியதும் பத்துப் பன்னிரண்டு பேர் இறங்கினார்கள். பாதிப் பேருக்கு எங்கே பிடிப்பது என்றே தெரியவில்லை. ஜபருல்லா ஒவ்வொருவரையும் பிடித்து நிறுத்தி, "ஒண்ணு, ரெண்டு" என்று எண்ணினார்.

மூன்றுக்கு வண்டி எழுந்தது. கால் வெளியே வந்தது. கீழ்க்கால் எலும்பு உடைந்திருந்தது, ஆனால் பாதம் சூடாக இருந்தது, விரலை அசைத்தான். இரண்டு தென்னை மட்டையை வைத்து நேராகக் கட்டி, ஜபருல்லாவின் காரில் பின்சீட்டில் படுக்க வைத்தோம். அவர் கிளம்பும்போது லோகப்பிரியாவிடம் வந்தார்.

"ஏம்மா, இத்தன நாளா தனியாவா தூக்கிட்டிருந்தே?"

"ஆமாங்."

"ஏன் யாரையும் கூப்புடல?"

"மரியாதையா நின்னாங்க, அதானுங்" என்றாள்.

அவர் தலையை ஆட்டிவிட்டுக் காரில் ஏறினார்.

திரும்பும் வழியில் எடைமேடையில் நிறுத்திப் பார்த்தோம். நானூற்று இருபத்தேழு. ஒன்பது கிலோ ஏறியிருந்தது. தனியாகத் தூக்கியிருந்தால் ஏறுவது நூறு கிலோவைத் தாண்டியிருக்கும். பழைய எடை பழையபடியே இருந்தது, அதில் ஒரு கிலோ குறையவில்லை. இரண்டு முட்டியும் பந்து மாதிரி வீங்கியிருந்தன. வீட்டுக்கு வந்ததும் துணியில் ஐஸ் சுற்றி வைத்தேன். அவள் சாப்பிடாமலே தூங்கிவிட்டாள். பொற்கொடி கஞ்சியை மூடி வைத்தாள்.

மறுநாள் காலை ஆறரைக்கு, நான் குதிகால் கட்டைப் பிரித்துக்கொண்டிருந்தபோது, ஃபோன் வந்தது. மூன்று கிலோமீட்டர் தள்ளி ஒரு தோட்டத்தில் சினை மாடு கிணற்றில் விழுந்துவிட்டது. தண்ணீர் குறைவு, மாடு நின்றுகொண்டிருக்கிறது. லோகப்பிரியா ஃபோனைச் சத்தமாக வைத்தாள்.

"எத்தன பேருங் இருக்கறீங்க?"

"நானு, எம் பையன், அவ்வளவுதான் கண்ணு. நீ வந்தாப் போதும்."

"போதாதுங் மாமா. பத்துப் பேரு சேந்ததுக்கு அப்புறம் கூப்புடுங்க. கயிறு பெருசா வேணுமுங்க, எல்லாரும் புடிக்கற மாதிரி."

"ஏங் கண்ணு, உன்னால தனியா முடியாதா?"

பொற்கொடி வாசற்படியில் வந்து நின்றிருந்தாள். பிள்ளையைப் பார்த்து, மெதுவாகச் சொல்லு என்பதுபோல் கையை அமர்த்திக் காட்டினாள்.

"முடியுமுங். ஆனா தனியா தூக்க மாட்டனுங்" என்று சொல்லி வைத்துவிட்டாள். அந்த ஆள் என்ன நினைப்பார் என்று மூன்று முறை என்னிடம் கேட்டாள். என்ன நினைத்தால் என்ன, காலை நீட்டு என்றேன்.

புண்ணைக் கழுவினேன். வலது குதிகாலில் புதிதாகச் சதை வந்திருந்தது, இடதில் இல்லை. மருந்து வைத்துக் கட்டி, முட்டி இரண்டுக்கும் இறுக்கமாகப் பட்டை சுற்றினேன். ஏழே காலுக்கு மறுபடி ஃபோன் வந்தது. எட்டுப் பேர்தான் கிடைத்தார்கள் என்றார். அவள் யோசித்தாள். பொற்கொடி புடவையை இழுத்துச் சொருகிக்கொண்டு, "நானும் சிஸ்டரும் சேந்தா பத்தாச்சு" என்று செருப்பைத் தேடினாள்.

கிருபாசங்கர் டிராக்டரைக் கிளப்பினார். மூன்று பேரும் டிரெய்லரில் ஏறினோம்.