உப்புன்னு எழுதிக் கொடுத்த ரிப்போர்ட்

காய்ஞ்ச மிளகாய் இலை ஓவன்ல சூடாகும்போது ஒரு வாசம் வரும்... கீரையை அடுப்புல வச்சு மறந்துட்ட மாதிரி. சாயங்காலம் பஸ்ல வீட்டுக்குப் போறப்பகூட என் துப்பட்டாவுல அது இருக்கும்.

ராமநாதபுரத்துல ஒரு சின்ன லேப். என் முதல் வேலை. வயலுக்குப் போய் இலை பறிக்கணும். கழுவி, காய வச்சு, பொடியாக்கணும். பயிருக்கு எந்தச் சத்து குறையுதுன்னு அந்தப் பொடியில தெரிஞ்சிரும். அதைப் பார்த்துத்தான் உரம் எழுதிக் கொடுப்போம்.

அந்தத் தை மாசம் முதுகுளத்தூர் பக்கம் ஒரு கிராமத்துக்குப் போனேன். பாண்டியம்மா அக்காவும் அவங்க வீட்டுக்காரரும் ரெண்டு துண்டு நிலத்துல குண்டு மிளகாய் போட்டிருந்தாங்க. மழையை நம்பிப் போட்டது. பூக்குற நேரத்துல முக்கால்வாசிச் செடி வெளுத்துப்போச்சு. புது இலையெல்லாம் சின்னச் சின்னதா...

நல்லா இருந்த செடியில கொஞ்சம், வெளுத்த செடியில கொஞ்சம்னு தனித்தனியா பறிச்சேன். ஒரே புழுதி. கையில இருந்த டிஸ்டில்டு வாட்டர் முந்தின வயல்லயே தீர்ந்திருச்சு. கிணத்தடியில ஒரு வாளி நிறைய தண்ணி இருந்துச்சு. அதுல அலசி, பேப்பர் கவர்ல போட்டுட்டு பஸ் ஏறிட்டேன்.

ரிசல்ட்ல சோடியம் எக்கச்சக்கம். உப்புப் பாதிப்புன்னு ரிப்போர்ட் ரெடியாச்சு. அக்கா நேர்ல வந்து வாங்கிக்கிட்டாங்க.

"உப்புன்னா ஒண்ணும் செய்ய ஏலாதாம்மா?"

"இந்த வருசம் கஷ்டம்க்கா."

எவ்வளவு லேசா சொல்லிட்டேன்! அவங்க பேப்பரை மடிச்சு இடுப்புல சொருகிட்டுப் போயிட்டாங்க.

ரெண்டு நாள் கழிச்சு, தங்கச்சிமடத்துல இருக்குற எங்க வீட்டுக்குப் போற பஸ். பாம்பன் பாலத்துல கடலோட ஈரக்காத்து மூஞ்சியில அடிச்சுச்சு. என் மூக்குக் கண்ணாடியைக் கழட்டிப் பார்த்தா, காய்ஞ்ச இடமெல்லாம் வெள்ளையா உப்பு.

அப்பத்தான் சுருக்குன்னுச்சு. நல்ல செடியோட இலையிலயும் அதே அளவு சோடியம் இருந்துச்சே! உப்பு செடியில இல்ல... நான் அலசின வாளியில.

அக்காவுக்குப் போன் போட்டேன், எடுக்கல. விடிஞ்சதும் முதல் பஸ். கேன் நிறைய சுத்தத் தண்ணி எடுத்துக்கிட்டேன்.

நான் போறதுக்குள்ள ஒரு துண்டைச் செடியோட உழுதாச்சு. ட்ராக்டர் அடுத்த துண்டுக்குள்ள திரும்பிக்கிட்டு இருந்துச்சு. "நிறுத்துங்கண்ணே... நிறுத்துங்க!"ன்னு வரப்புல ஓடினேன்.

மூச்சு வாங்க வாங்க எல்லாத்தையும் சொன்னேன். அக்கா வீட்டுக்காரர் அப்படியே வரப்புல உக்காந்துட்டாரு. திட்டியிருந்தாக்கூடத் தேவலை.

அக்காதான் உழுத மண்ணையே பார்த்துக்கிட்டு சொன்னாங்க. "அந்த வாளித் தண்ணியிலயா அலசுன? மாடே அதுல வாய் வைக்காதே தாயி."

நான் அழுதுட்டேன்.

கொஞ்ச நேரம் கழிச்சு, "சரி, இங்கன பாதி நிக்கிதுல்ல. அதுல பறி"ன்னாங்க. அவங்களே கவரை விரிச்சுப் பிடிச்சாங்க.

இந்தத் தடவை சோடியம் சாதாரணமாத்தான் இருந்துச்சு. குறைஞ்சிருந்தது ஜிங்க்ங்கிற துத்தநாகச் சத்து. ரெண்டு தடவை அதைத் தெளிச்சதும் புது இலை பச்சையா வந்துச்சு, காயும் பிடிச்சிருச்சு. உழுத துண்டு மட்டும் அந்தக் கோடை முழுக்க வெறுமனே கிடந்துச்சு. பழம் பறிக்கிறப்ப போயிருந்தேன். "அடுத்த வருசமும் நீயே வா. தண்ணியை மட்டும் கொண்டுக்கிட்டு வா"ன்னு அக்கா சிரிச்சாங்க. என்னால சிரிக்க முடியல.

இப்ப அதே மாதிரி ஒரு லேபை நான் பார்த்துக்கிறேன். மெஷின் வேகம் ஜாஸ்தி. ரிப்போர்ட் வாட்ஸ்அப்ல பிடிஎஃப்பா போயிரும், ரெண்டு நீல டிக் விழும். யாரும் எதிர்ல நின்னு "ஒண்ணும் செய்ய ஏலாதா"ன்னு கேக்குறதில்ல. வேலை சுளுவாத்தான் இருக்கு... ஆனா அந்த முகங்களைப் பார்க்க முடியல.

மோசமான ரிசல்ட் வந்தா மட்டும் நானே போன் போட்டுருவேன்.

"ட்ராக்டருக்குச் சொல்லிட்டீங்களாண்ணே?"

"இன்னும் இல்ல மேடம். ஏன்?"

"ரெண்டு நாள் பொறுங்க. நான் ஒருதடவை வந்து பார்த்துடுறேன்."