எழுபத்து நான்காம் ஜாடித் தேரைகள்

அருங்காட்சியகத்தின் அடித்தள அறையில் நாலாயிரத்துச் சொச்சம் கண்ணாடி ஜாடிகள். எல்லாவற்றிலும் ஸ்பிரிட்டில் ஊறும் பாம்பு, பல்லி, தவளை. பத்தொன்பது வருடமாக அவற்றைப் பார்த்துக்கொள்பவளை எல்லோரும் ஜாடியக்கா என்றே கூப்பிடுவார்கள். ஸ்பிரிட் வற்றினால் நிரப்புவது, மூடிக்கு வாசலின் தடவுவது, மங்கிய லேபிளைப் புதிதாக எழுதிப் போடுவது, இவைதான் அவள் வேலை. "நீ மாடிப்படி ஏறுறதுக்கு முன்னாடியே உன் வாசனை ஏறி வந்துடுது" என்று தையற்கடைக்காரக் கணவர் கேலி செய்வார். போகட்டும் என்று விட்டுவிடுவாள்.

ஒரு செவ்வாய்க்கிழமை நிபுணர் ஒருவர் வந்தார். மழைக்காட்டுத் தேரைகளின் பட்டியலை அச்சுக்குக் கொடுக்குமுன் ஜாடிகளைச் சரிபார்க்க வேண்டுமாம். மத்தியானம் எழுபத்து நான்காம் ஜாடிக்கு வந்து சேர்ந்தார். உள்ளே பதினோரு பொடித் தேரைகள். ஒவ்வொன்றும் கட்டைவிரல் நகத்தைவிடக் கொஞ்சம்தான் பெரிது. அதே காட்டில் உள்ளங்கை அகலத் தேரை ஒன்றும் உண்டு. நிபுணர் லென்ஸ் வைத்து இரண்டே நிமிடம் பார்த்தார்.

"இது தனி இனமே இல்ல. பெரிய தேரையோட குட்டிங்க. அந்த ஜாடியிலயே போட்டுடுங்க. நாலு மணிக்குப் பட்டியலை அனுப்பணும்."

பிரிவுத் தலைவி தலையாட்டினார். ஜாடியக்கா இடுக்கியை எடுத்தாள், கை ஓடவில்லை. பெரிய தேரைகளின் ஜாடிக்குள் போனால் கலந்தது கலந்ததுதான், அப்புறம் யாரும் இவற்றைத் தேடப் போவதில்லை. ஆனால் போன மாதம் ஸ்பிரிட் மாற்றும்போது ஒரு தேரையின் வயிறு உப்பியிருந்ததை அவள் பார்த்திருந்தாள். மெல்லிய தோலுக்குள் மஞ்சள் மணிகள் மாதிரி ஏதோ தெரிந்தது.

"சார், இதுல ஒண்ணு சினையா இருக்கு. குட்டி எப்படி சார் சினையாகும்?"

"அக்கா, உங்க வேலையைப் பாருங்க" என்றார் தலைவி, பல்லைக் கடித்தபடி.

நிபுணர் கோபப்படவில்லை. தேரையை வெளிச்சத்தில் திருப்பிப் பார்த்தார். "எறும்போட கூட்டுப்புழுவா இருக்கும்மா. இதுங்களுக்கு எறும்புதான் தீனி. வயிறு முட்டத் தின்னா இப்படித்தான் தெரியும்."

"அறுத்துப் பார்த்தா தெரிஞ்சிடுமே சார்."

தலைவி அவளைக் கையைப் பிடித்து வெளியே இழுத்துப் போனார். "எழுபது வருஷம் முன்னாடி பிடிச்சது அக்கா. அதுக்கப்புறம் இந்த அளவுல ஒண்ணுகூட யாருக்கும் கிடைக்கல. அறுத்து ஒண்ணுமில்லன்னா, பாழாக்கினது யாருன்னு மேலேருந்து கேட்பாங்க. நான் உங்களைத்தான் கைகாட்டணும்."

"காட்டுங்க மேடம்."

வாய் சொல்லிவிட்டது. வேலை போனால் வீட்டில் என்ன சொல்வது?

அறுத்தே பார்த்துவிடலாம் என்று நிபுணரும் ஒப்புக்கொண்டார். மூன்று பத்துக்கு நுண்ணோக்கியின் கீழ் கத்தியை வைத்தார். ஜாடியக்கா மேசை விளிம்பை இறுகப் பிடித்துக்கொண்டாள். முதலில் ஒரு சின்னப் பை திறந்தது. உள்ளே கறுப்பாக ஏதோ நொறுங்கிக் கிடந்தது.

நிபுணர் நிமிர்ந்தார். "எறும்பு. நான் சொன்னேன்ல?"

தலைவி பெருமூச்சு விட்டார். ஜாடியக்கா எட்டிப் பார்த்துக் கேட்டாள்.

"இது கறுப்பு சார். அந்த மஞ்சள் எங்க?"

அவர் மறுபடி குனிந்தார். இரைப்பையை ஊசியால் ஒதுக்கினார். பிறகு அவர் உதடு அசைந்தது. எண்ணிக்கொண்டிருந்தார்.

"பதிமூணு" என்றார் கடைசியில். "முட்டைதான். ஒவ்வொண்ணும் கடுகைவிடப் பெருசு! பெரிய தேரை ஆயிரக்கணக்குல போடும், எல்லாம் பொடிப்பொடியா. இது முழுசா வளர்ந்த தாய்ம்மா."

அதற்கப்புறம்தான் மற்ற பத்தையும் நிதானமாகப் பார்த்தார். பெரிய தேரைக்குக் கண்ணுக்குப் பின்னால் புடைத்திருக்கும் விஷச் சுரப்பி இவற்றில் ஒன்றுக்குக்கூட இல்லை. விரல்களுக்கு நடுவே தடித்த சவ்வு இருந்தது. நாற்காலியில் தொப்பென்று உட்கார்ந்து அச்சகத்துக்குப் போன் போட்டார்: "பட்டியல் இன்னிக்கு வராது."

ஜாடியக்கா கழிவறைக்குப் போய்க் குழாயைத் திறந்துவிட்டு அழுதாள். எதற்கென்று அவளுக்கே விளங்கவில்லை. மறுநாள் தலைவி வலிய வந்து, "உங்களுக்கு எங்கேருந்து அக்கா அந்தத் தைரியம்?" என்று கேட்டார்.

நிபுணர் இரண்டு மழைக்காலம் காட்டில் அலைந்தார். இரண்டாம் வருடம் ஒரு மாலையில் அவரே போன் செய்தார்.

"அக்கா, உயிரோட இருக்கு! மரப்பொந்துல தேங்கின மழைத்தண்ணியில முட்டை போட்டிருக்கு. தலைப்பிரட்டைங்க எதையும் திங்கறதில்ல. முட்டையில இருந்த மஞ்சக்கருவே கால் முளைக்கிற வரைக்கும் போதுது. அதான் முட்டை கொஞ்சமா, பெருசா இருக்கு. ஆண் கத்துது, இருங்க, கேளுங்க."

போனைக் காதோடு அழுத்திக்கொண்டாள். சடசடவென்று மழைதான் கேட்டது.

"நல்லா கேக்குது சார்" என்றாள்.