பனிக்கட்டியும் இன்னொரு தடவையும்

சங்கரன்கோவிலில் எனக்குக் கல்யாண வீடியோ எடுக்கிற தொழில். தாலி கட்டுகிற நேரத்தில் எவனாவது குறுக்கே தலையை நீட்டினால் அலட்டிக்கொள்ள மாட்டேன். "மாப்ளே, தாலியை இன்னொரு தடவை கழுத்துகிட்டப் புடிங்க" என்பேன். வீடியோவில் எவனுக்குத் தெரியப் போகிறது?

அப்படி நான் எடுத்த ஒரு கல்யாணத்தில் பெண்ணின் அக்கா பனி விஞ்ஞானி. அவர்கள் குழு அண்டார்டிகா போனபோது, படம் பிடிக்க என்னைச் சொன்னது அவள்தான். "ஏசி ரூம்லயே தும்முத ஆளு, அங்கன போயி என்ன செய்யப் போறிய?" என்று சிரித்தாள் என் மனைவி.

பனியில் ஆழமாகத் துளை போட்டு, உருளைத் தடியாகப் பனிக்கட்டியை எடுப்பார்கள். அடிக்கட்டியில் பல்லாயிரம் வருஷத்துக் காற்று குமிழ்குமிழாக அடைபட்டிருக்கும். அதற்காகவே அவள் ஆறு வருஷம் உழைத்திருந்தாள். மேலநீலிதநல்லூரில் மானாவாரி விவசாயம் பார்க்கிற அவள் அப்பாவோ, "மழை வருமான்னு சொல்லத் தெரியலை, என்ன எழவுப் படிப்பு?" என்பாராம். அவருக்கு அந்தக் கட்டி வெளியே வருவதைக் காட்ட வேண்டும், அவ்வளவுதான் அவள் ஆசை.

அன்று டீ குடிக்கக் கூடாரத்துக்குள் கேமராவையும் தூக்கிப் போனேன். நம்மூர் வெயிலில் அதை வெளியே விட்டுப் பழக்கமில்லையே! உள்சூட்டில் லென்ஸில் நீர் கோத்தது, வெளியே வந்ததும் உறைந்தது. அடிக்கட்டி வந்தது, எல்லோரும் கத்தினார்கள். என் திரையில் வெறும் வெள்ளை.

பாழாய்ப்போன வாய் சும்மா இருந்ததா? "மேடம், இன்னொரு தடவை துளைக்குள்ள வச்சு எடுப்போமா?"

"அண்ணாச்சி, இது என் தங்கச்சி கல்யாணமில்ல. இதுல பொய் சொன்னா, நாளைக்கு என் பேச்சை எவன் நம்புவான்?"

கூனிக்குறுகிப் போனேன். நல்லவேளை, ஒப்பிட்டுப் பார்க்க இரண்டாவது துளையும் போட்டிருந்தார்கள். மறுநாள் காற்று வலுக்குமுன் அதன் அடிக்கட்டி வரவில்லையென்றால் மூட்டை கட்ட வேண்டியதுதான். கேமராவைப் பையோடு பனியிலேயே விட்டேன். குளிரில் சார்ஜ் இறங்காமலிருக்கப் பேட்டரியைச் சட்டைக்குள் வைத்துக்கொண்டேன். டீயே வேண்டாமென்று துளைக்குப் பக்கத்திலேயே நின்றேன்.

காற்று சீற ஆரம்பித்தபோது அடிக்கட்டி வந்தது. கையில் ஏந்தியவள் என்னைப் பார்த்தாள். "கிடைச்சுதா? இல்ல, உள்ள வைக்கணுமா?" கட்டைவிரலைத் தூக்கிக் காட்டினேன்.

ஊர் திரும்பியதும் அவள் அப்பாவை என் வீடியோக் கடைக்குக் கூட்டிவந்து போட்டுக் காட்டினேன். மகள் கையில் அந்தக் கட்டி வந்ததும் துண்டை எடுத்து முகத்தைத் துடைத்தார். படம் முடிந்தும் எழுந்திருக்கவில்லை.

"இன்னொரு தடவை போடும் வே" என்றார்.